பச்சைப் பொட்டலத்தின் தேதி

தைச்சுங் நகர மருத்துவமனை ஒன்றின் சர்வர் அறையில் விசிறிகள் இரைந்துகொண்டிருக்கின்றன. இயந்திரங்கள் சமர்த்தாக இருக்கட்டும் என்று அந்த ஊர் வழக்கப்படி அலமாரி மேல் வைத்திருந்த பச்சைச் சோளப்பொரிப் பொட்டலத்தை மேலாளர் லாய் எடுத்துத் திருப்பிப் பார்க்கிறார். "தேதி போன மாசமே முடிஞ்சிருக்கு! அப்புறம் எப்படிய்யா விளங்கும்?" யாரும் சிரிக்கவில்லை. இன்று விடியும்போது தீவிர சிகிச்சைப் பிரிவின் திரைகள் பதினோரு நிமிடம் இருண்டு கிடந்தன. ஏழாம் படுக்கைக்காரரின் மூச்சு நின்றபோது எச்சரிக்கை மணி அடிக்கவே இல்லை. "இந்தப் பொட்டலத்த மாத்துறது உங்க வேலைதானே, ஹுங்?" என்கிறார் லாய். ஓய்வுபெற இரண்டு மாதமே இருக்கும் பராமரிப்பு ஊழியர் ஹுங்கின் காதுமடல்கள் சிவக்கின்றன. "மறந்துட்டேன் சார்." அவர் விரல்கள் சட்டைப் பொத்தானைத் திருகுகின்றன. மூலையில் உட்கார்ந்திருக்கும் பெய்ச்சுனின் முகத்தில் மடிக்கணினியின் வெளிச்சம். கணினி பழுதாகி நின்றால் தானாகவே அதை எழுப்பிவிடும் மென்பொருளை எழுதியவள் அவள். அதன் கோப்பு திறந்திருக்கிறது. வியாழனன்று சோதனைக்காக அவள் அணைத்துவைத்த, கணினியை எழுப்பும் கட்டளை வரி இன்னும் அணைந்தே இருக்கிறது. மேல் மாடியில் சக்கரக் கட்டில் ஒன்று உருளும் சத்தம் கூரை வழியே மெதுவாகக் கடந்து போகிறது. பெய்ச்சுன் அந்த வரியை உயிர்ப்பிக்கிறாள், சேமிக்கிறாள், மடிக்கணினியை மூடுகிறாள். பிறகு எழுந்துபோய் ஹுங்கின் தோளைத் தொடுகிறாள். "விடுங்கண்ணே, மறதி எல்லாருக்கும் வர்றதுதான்."