அலையோரத்து முட்டை

பாறைத் தீவின் கீழ் விளிம்பில் ஆலாப் பறவை ஒன்று தன் ஒரே முட்டையின்மேல் உட்கார்ந்திருந்தது. போன வருஷம் அதே இடத்தில் இட்ட முட்டையை அலை கொண்டுபோயிருந்தது.

உச்சியிலிருந்து கடற்காகம் கூப்பிட்டது. "ஏன்டி அங்கே கிடந்து நனையறே? மேலே வா, இடம் காலியாத்தான் இருக்கு."

"அங்கே மூணு குடும்பம் இருந்துச்சே அக்கா?"

"முட்டை காணாமப்போச்சுன்னு கிளம்பிட்டாங்க."

கடற்காகத்தின் அலகில் மஞ்சள் கரு காய்ந்திருந்தது.

மதியம் பெரிய அலை ஒன்று ஆலாவை முழுக்க மூடியது. அது பாறையை நகங்களால் பற்றிக்கொண்டு எழாமல் கிடந்தது. அலை வடிந்தபோது முட்டை வயிற்றுக்கடியிலேயே இருந்தது.

கடற்காகம் இறங்கி வந்தது. "பாவம், எழுந்து சிறகை உதறிக்கோ. முட்டையை நான் பார்த்துக்கிறேன்."

"அலை போயிடுச்சு அக்கா," என்றது ஆலா, அசையாமல். "நீங்களும் போனதும் உதறிக்கிறேன்."