கத்தரித்த வால்

கதவு தட்டப்பட்டபோது மரியதாஸ் ஒரு ஸ்டண்ட் காட்சியின் வால் பகுதியை அவசரமாகக் கத்தரித்துக்கொண்டிருந்தார். லண்டன் ஸ்டூடியோக்களில் கேமரா, சண்டை, எடிட்டிங் என்று அவர் பார்க்காத வேலை கிடையாது. இந்த ஒரு வெட்டை முடித்துவிட்டுத்தான் கதவைத் திறந்தார்.

படப்பிடிப்பில் குன்றிலிருந்து குதித்துச் செத்த ஸ்டண்ட்காரன் யோகனின் மனைவி வதனி வந்து நின்றாள்.

"அவரின்ரை கடைசி ஷொட்டைக் காட்டுங்கோ அண்ணை."

திரையில் யோகன் விழுந்தான். படம் முடிந்தது.

"உடனயே போயிட்டாரோ?"

"ஓம் தங்கச்சி. துடிக்கக்கூட இல்லை."

"நீங்கள் பக்கத்திலை நிண்டனீங்கள். அது போதும்."

வெட்டிய பகுதியில் யோகன் விழுந்த இடத்திலிருந்து கையை ஆட்டிக்கொண்டே இருந்தான். 'கட்' சொல்லாமல் யாரும் கேமராவுக்கு முன்னால் போகக் கூடாது என்பதால் மொத்தக் குழுவும் காத்து நின்றது. அந்தக் காட்சியை இயக்கிய மரியதாஸோ, பயல் பிரமாதமாக நடிக்கிறான் என்று கேமராவை ஓடவிட்டிருந்தார்.