சமாதான மனு
அவள் நீதிபதியின் முன் நிற்கிறாள். வரதட்சணை கேட்டு அடித்ததாகக் கணவன்மேல் அவள் கொடுத்த புகாரை ரத்து செய்யச் சொல்லி அவன் போட்ட மனு மேசையில் கிடக்கிறது. சமாதானமாகிவிட்டோம் என்று அவளும் கையெழுத்திட்டிருக்கிறாள். மின்விசிறி கிறீச்சிட்டபடி சுற்றுகிறது. வாசலோரம் மாமியாரின் இடுப்பிலிருந்து குழந்தை "அம்மா" என்று சிணுங்குகிறது. முதுகுக்குப் பின்னால் கணவன் தொண்டையைச் செருமுகிறான். நீதிபதி கண்ணாடியைக் கழற்றுகிறார். "உங்க இஷ்டப்படிதான் கையெழுத்துப் போட்டீங்களாம்மா? யாரும் மிரட்டலையே?" அவள் கையை இறுக மூடிக்கொள்கிறாள். "சும்மா சொல்லும்மா," என்கிறார் கணவனின் வக்கீல், சிரித்த முகமாய். "மிரட்டுனாங்கய்யா." நீதிபதி முன்னால் குனிகிறார். "யாரு?" திரும்பிப் பார்க்க அவளுக்குத் தைரியம் வரவில்லை. இறுக மூடியிருந்த கையை விரித்து, ஒரு விரலை மட்டும் மெல்லப் பின்பக்கம் நீட்டுகிறாள்.