சாட்சிக்கு அழைத்தவள்

வடக்கே காடு பற்றி எரிந்ததில் வீடு வாசலை விட்டு வந்தவர்களைத் தங்கவைக்க, கலியாணத்துக்குப் பேசியிருந்த மண்டபத்தைக் கொடுத்துவிட்டார்கள். வேறு வழியில்லாமல் யோகமலர் மகளின் கலியாணத்தைப் பியர்பொன்ட்ஸ் புறநகரிலுள்ள தன் வீட்டின் பின்வளவிலேயே வைத்தாள். புகைக்குள் சூரியன் தோடம்பழம் போலச் செம்மஞ்சளாகத் தெரிந்தது. வெளியில் நெருப்பு மூட்டத் தடை என்பதால், ஐயர் ஓமகுண்டத்தில் விறகை அடுக்கி, நடுவில் ஒரு பற்றரி விளக்கை வைத்தார்.

"அக்கினி சாட்சி இல்லாமல் தாலி கட்டுறதோ ஐயா?" என்று யோகமலர் கேட்டாள்.

"நெருப்பு அங்கை எரியுதுதானே அம்மா. மனசாலை கூப்பிடுங்கோ, அதுவே காணும்."

அவள் வடக்குப் பார்த்துக் கும்பிட்டாள். வீடு வீடாகப் போய் அழைத்த அதே வாயால், "கட்டாயம் வந்து சாப்பிட்டுத்தான் போகவேணும்" என்று நெருப்புக்கும் சொன்னாள்.

தாலி ஏறியது. முகக்கவசம் போட்டவர்கள் அறுகரிசி போட்டு வாழ்த்தினார்கள். பிறகு இருமல் தாங்காமல் எல்லாரும் சாப்பிட உள்ளே குசினிப் பக்கம் போனார்கள்.

குண்டத்தை ஒதுக்கக் குனிந்த யோகமலர் அப்படியே நின்றுவிட்டாள். விறகு வெண்சாம்பலாகக் கிடந்தது. தொட்டால் சுட்டது. பற்றரி விளக்கு மட்டும் பழுதில்லாமல் மினுங்கிக்கொண்டிருந்தது. வடக்கு வேலியிலிருந்து குண்டம் வரைக்கும் புல் ஒற்றையடிப் பாதையாகக் கருகியிருந்தது. திரும்பிப் போன தடம் இல்லை. குண்டத்தைத் தாண்டி அது நேரே குசினிக் கதவுக்குப் போயிருந்தது.

கதவுக்கு அந்தப் பக்கம் அவளுடைய புருஷனின் குரல் கேட்டது.

"இஞ்சாருமப்பா, இன்னும் ஒராள் சாப்பிடேல்லையாம். குடுக்க என்ன இருக்கு?"