ரணகள்ளி வீடு

குடிசை நிற்கிற மனை குடியிருப்பவருக்கே என்று சட்டம் வந்த வருஷம் அது, கண்ணுகளா. அளக்கிற அதிகாரி வருவதற்குள் பண்ணைக் காரியக்காரர் ஆள்விட்டு, பண்ணை நிலத்தில் குடியிருந்த கண்ணாத்தாளின் குடிசையைப் பிரித்து, மனையை உழுதே போட்டுவிட்டார். வாசலில் அவள் நூல் கட்டித் தொங்கவிட்டிருந்த ரணகள்ளி இலை ஓரமெல்லாம் குட்டிச் செடி விட்டிருந்தது. அதையும் கிழித்து எறிந்தார்.

"கிழிச்ச துண்டும் குட்டி போடுங்க," என்றாள் கண்ணாத்தாள்.

"போடட்டும். நீ எங்கடி போய்ப் படுப்பே?"

"இங்கதான்."

உழவு மண்ணிலேயே படுத்தாள். மழை பெய்தது. சுவர்கள் இருந்த கோட்டில் மட்டும், நாலு பக்கமும், ரணகள்ளி முளைத்தது. வாசல் இருந்த இடத்தில் ஒரு செடிகூட இல்லை. காரியக்காரர் பிடுங்கச் சொன்னார். பிடுங்கினார்கள். அதே கோட்டில் மறுபடி முளைத்தது.

அதிகாரி வந்தார். "இங்க ஏதுங்க வீடு? வெறும் செடி," என்று சிரித்தபடி காரியக்காரர் முன்னால் நடந்தார். செடி அவர் முழங்காலுக்குக்கூட வரவில்லை. வாசல் இடைவெளியில் கால் வைத்ததும் 'ஆ' என்று நெற்றியைப் பிடித்துக்கொண்டார். மேலே வானம்தான் இருந்தது.

நடுவில் உட்கார்ந்திருந்த கண்ணாத்தாள் எழுந்திருக்கவில்லை.

"வாசல் நிலை தாழ்வுங்க. குனிஞ்சு வாங்க."

அதிகாரி குனிந்து உள்ளே நுழைந்தார்.