எருமைகிட்ட சொல்லிடு

"உனக்கு வெக்கமா இல்லையா, அண்ணே?"

கேட்டது பிந்தேசரி. கேட்டது கூடப் பிறந்த அண்ணன் ஜியாவனைப் பார்த்து. அதுவும் அரசமரத்தடியில, ஊர் மொத்தமும் கூடியிருக்க, நாற்காலியில சக்பந்தி அதிகாரி உட்கார்ந்திருக்க!

அங்கங்க துண்டு துண்டா சிதறிக் கிடக்கிற நிலத்தை மாத்தி, ஆளுக்கு ஒரே இடத்துல சேர்த்துக் கொடுக்கிற வேலைதான் சக்பந்தி. அது முடியற வரைக்கும் அதிகாரி அனுமதி இல்லாம யாரும் நிலத்தை விக்க முடியாது. யாராவது ஆட்சேபணை போட்டிருந்தா, எங்க அதிகாரி அனுமதிப் பேச்சையே எடுக்க மாட்டார்.

தம்பி நிலத்து மேல ஜியாவன் மறுபடியும் ஆட்சேபணை போட்டிருந்தார்.

"இந்தத் தடவை என்னய்யா?" அதிகாரி அலுத்துக்கிட்டார்.

"அதே வரப்புதான், ஐயா. ஒரு முழம் என் பக்கம் வரணும்."

கூட்டம் கொல்லுனு சிரிச்சது.

"ஒரு முழத்துக்கா! கால்வாய் ஓரமா நல்ல நிலம் இவருக்குத்தானே ஒதுக்கியிருக்கு? வழக்கு இருந்தா அதுவும் கைக்கு வராதே!"

"தானும் அனுபவிக்க மாட்டார், தம்பியையும் விட மாட்டார்!"

"தம்பி பொண்டாட்டி ரஜ்வந்தி தினம் எருமையைத் திட்டுற சாக்குல இவரைத் திட்டறாளே, அதுல தப்பே இல்ல!"

எங்க பக்கம் புருஷனோட அண்ணன்கிட்ட பொம்பளைங்க நேரா பேசக் கூடாது. முகத்தையும் காட்டக் கூடாது. சொல்ல வேண்டியதைக் குழந்தைகிட்டயோ மாட்டுகிட்டயோ சொல்லணும். அவர் காதுல விழுந்துக்கணும். ரஜ்வந்தி எருமையைத் திட்டினா மூணு தெருவுக்குக் கேட்கும்.

"செங்கல் சூளைக்காரர் தயாரா நிக்கிறார், ஐயா," பிந்தேசரி கெஞ்சினான். "வித்துட்டா லக்னோவுல மிட்டாய்க் கடையில பங்கு. பேசி முடிச்சாச்சு."

"கோழிப்பண்ணை வச்சப்பவும் இதைத்தான்டா சொன்னே," பின்னாலேர்ந்து ஒரு பெரியவர். "அப்புறம் ஜீப்பு."

"அப்போ நேரம் சரியில்ல, பெரியப்பா! இந்தத் தடவை பாருங்க, உங்களுக்குத்தான் முதல் லட்டு!"

எல்லாரும் சிரிச்சாங்க. அவன் சிரிச்சா கூடச் சிரிக்காம இருக்க முடியாது, அப்படி ஒரு முகம்.

சட்டுனு அவன் குரல் இறங்கிடுச்சு.

"ஞாபகம் இருக்கா, அண்ணே? இதே வரப்புலதானே பச்சைக் கடலையைச் செடியோட நெருப்புல வாட்டுவோம்? எனக்குச் சுடும்னு நீ உரிச்சு உரிச்சுக் கையில போடுவே. வாயெல்லாம் கரி. அம்மா குச்சியோட வந்தா, 'நான்தான் தின்னேன்'னு நீ முதுகைக் காட்டுவே. அந்த அண்ணன் எங்கே போனான்?"

எல்லாரும் ஜியாவனைத் திரும்பிப் பார்த்தாங்க.

ஜியாவன் துண்டால மூக்கைத் துடைச்சுக்கிட்டார். தம்பியைப் பார்க்கவே இல்லை.

"எனக்கு வரப்பு வேணும், ஐயா."

"த்தூ!" யாரோ துப்பினாங்க.

அதிகாரி எழுந்தார். "அறுவடை முடியட்டும், அளந்து பார்க்கலாம். அதுவரைக்கும் விக்கக் கூடாது."

சூளைக்காரர் மோட்டார் சைக்கிளை உதைச்சார். "எனக்கு வேற ஊர்ல மண்ணா கிடைக்காது?" பிந்தேசரி பின்னாலேயே ஓடினான்.

ஜியாவன் தனியா நடந்தார். வழியில யாரும் ராம் ராம்கூடச் சொல்லலை.

தம்பி வீட்டு வாசல்ல ரஜ்வந்தி எருமைக்குத் தீனி வச்சுட்டிருந்தா. அவரைப் பார்த்ததும் முக்காட்டை மோவாய் வரைக்கும் இழுத்து விட்டுக்கிட்டா. தெரு காலி. ஒரு இலையில வாட்டின பச்சைக் கடலையைக் கொண்டாந்து மதில் மேல வச்சா.

இன்னிக்குத் திட்டலை. எருமை கழுத்தைத் தடவிக்கிட்டே மெதுவா பேசினா.

"ஏ எருமையே, பெரியவர்கிட்ட சொல்லு. ஆட்சேபணை போடச் சொல்லி நான் கேட்டுக்கிட்டேன்ங்கிற ஒரே காரணத்துக்காக ஊர்கிட்டயெல்லாம் துப்பு வாங்கறார். அந்த நிலமும் போயிட்டா என் பிள்ளைங்களுக்குச் சோறு இல்ல."

ஜியாவன் கடலையை ஒண்ணொண்ணா உரிச்சார். ஒண்ணுகூட வாயில போடலை. விரலெல்லாம் கரி.

"எருமையே, நீயும் அவகிட்ட சொல்லிடு. வரப்புக் கதை பழசாயிடுச்சு. அடுத்த தடவை வரப்போர வேப்பமரம் என்னோடதுன்னு ஆட்சேபணை போடறேன். நாளைக்கு என்னை இன்னும் சத்தமா திட்டணும், தம்பிக்குச் சந்தேகம் வந்துடக் கூடாது."

உரிச்ச கடலை அத்தனையையும் இலையோட மதில்லயே வச்சுட்டுக் கிளம்பினார்.

"இதை அவன் வந்ததும் கொடுக்கச் சொல்லு. யார் உரிச்சதுன்னு மட்டும் சொல்ல வேண்டாம்."