ஏறி வந்த கெண்டை

நொய்யல் தடுப்பணையில் மீன் ஏறிவரப் படிகள் கட்டி, எட்டு வருடம் சாக்கடை அள்ளினோம். ஒரு மீனும் வரவில்லை. எங்கள் ஆறு மீட்புச் சங்கத் தலைவர் நாச்சிமுத்து, அதிகாரியை அழைத்து நடத்தும் வெற்றி விழாவுக்காக, பேட்டரியில் நீந்தும் நூறு ரப்பர் மீன்களை வாங்கி ஆற்றில் விட்டார். வெட்கங்கெட்ட மனிதர்.

விழாவன்று காலை, அவற்றின் நடுவே உயிருள்ள கெண்டை ஒன்று தட்டுத்தடுமாறிப் படியேறியது.

"அண்ணா, நெசமான மீனுங்க!" என்று கத்தினேன்.

நாச்சிமுத்து முகம் சுளித்தார். "மத்ததாட்டம் துள்ள மாட்டேங்குதே அம்மிணி. பாக்கறவங்க என்ன நெனப்பாங்க?"

அவரே வலைபோட்டு அதை அள்ளிக்கொண்டு போனார்.

ஆறு பிழைத்துவிட்டதென்று மேடையில் முழங்கிய அதிகாரியின் இலையில், மதியம் அந்தக் கெண்டை வறுவலாகக் கிடந்தது.

"ஒரே முள்ளு" என்று அவர் துப்பினார்.